மைக்ரோவேவில் சீஸ், காய்கறி ஆம்லெட்: ஓரம் ரப்பர், நடு பச்சை, அடியில் தண்ணீர். எங்கே தவறு?

கார்த்திகைப்பூ கேட்டது:

வணக்கம். தங்கியிருக்கும் அறையில் கேஸ் அடுப்புக்கு அனுமதி இல்லை. இருப்பது 20 லிட்டர் சோலோ மைக்ரோவேவ் மட்டும், 700 வாட்ஸ், கிரில் கிடையாது. காலையில் பத்து நிமிடத்துக்குள் சீஸும் காய்கறியும் போட்ட ஆம்லெட் ஒன்று ஒழுங்காக வர வேண்டும்.

இப்போது செய்யும் முறை: முட்டை 2, பெரிய வெங்காயம் பாதி, தக்காளி பாதி, குடைமிளகாய் கொஞ்சம், பச்சை மிளகாய் 1, உப்பு அரை டீஸ்பூன், சீஸ் க்யூப் ஒன்றைத் துருவியது. எல்லாவற்றையும் காபி மக்கிலேயே போட்டு அடித்து, மக்கைக் கண்ணாடித் தட்டின் நடுவில் வைத்து, ஹையில் 2 நிமிடம்.

வரும் கோளாறுகள்: ஓரமெல்லாம் ரப்பர் மாதிரி, நடுவில் கொழகொழவென்று பச்சை. இன்னும் ஒரு நிமிடம் வைத்தால் மொத்தமும் ரப்பர், மக்குக்கு வெளியே பொங்கி வழிகிறது. அடியில் ஒன்றிரண்டு ஸ்பூன் தண்ணீர் தேங்குகிறது. வெங்காயம் பச்சை வாடை போகவில்லை. சீஸ் அடியில் போய்த் தோல் மாதிரி ஒட்டிக்கொள்கிறது.

சரியான நேரம் எவ்வளவு? காயைத் தனியாக வேகவைக்க வேண்டுமா? சீஸ் எப்போது போடுவது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

---

மண்சட்டி:

உங்கள் பொருள்களில் பெரிய குறை இல்லை, வரிசைதான் தவறு. காய்க்கு ஒரு நேரம், முட்டைக்கு ஒரு நேரம், சீஸுக்கு ஒரு நேரம். மூன்றையும் ஒன்றாகக் கொட்டி ஒரே ஓட்டமாக ஓட்டினால் காய் வேகிற நேரத்துக்குள் முட்டை இறுகிவிடும், முட்டைக்குச் சரியான நேரத்தில் நிறுத்தினால் காய் பச்சையாக இருக்கும்.

முதலில் மக்கை விடுங்கள். வாய் 12, 13 செ.மீ. அகலமுள்ள கண்ணாடிக் கிண்ணம் ஒன்று, அரை லிட்டர் கொள்ளளவு, அடி தட்டையாக இருப்பது நல்லது. நீங்கள் சொல்லும் கலவை மக்கில் மூன்றரை செ.மீ. உயரத்துக்கு நிற்கும். இந்தக் கிண்ணத்தில் ஒன்றரை செ.மீ.தான். உங்கள் நடு பச்சையாக நிற்பதற்குப் பாதிக் காரணம் அந்த உயரம். பொங்கி வழிவதும் நிற்கும்.

அளவு: முட்டை 2, பால் 2 டேபிள்ஸ்பூன், எல்லாக் காயும் சேர்த்துப் பொடியாக நறுக்கியது 50 கிராம் (நாலு டேபிள்ஸ்பூன், குவியல் வேண்டாம்), சீஸ் 20 முதல் 25 கிராம், எண்ணெய் அல்லது வெண்ணெய் 1 டீஸ்பூன், மிளகுத்தூள் கால் டீஸ்பூன், மஞ்சள்தூள் ஒரு சிட்டிகை, உப்பு இரண்டு சிட்டிகை. அரை டீஸ்பூன் உப்பு 2 முட்டைக்கு மிக அதிகம், சீஸில் வேறு உப்பு இருக்கிறது.

செய்முறை. கிண்ணத்தின் அடி, பக்கம் எல்லாம் படும்படி எண்ணெயைத் தடவி, அதிலேயே காயைப் போட்டுப் பிரட்டுங்கள். இந்தக் கட்டத்தில் உப்பு போடக் கூடாது, போட்டால் காய் இன்னும் தண்ணீர் விடும். மேலே ஒரு பீங்கான் தட்டைக் கவிழ்த்து ஹையில் 1 நிமிடம். வெங்காயம் கண்ணாடி மாதிரி ஆகியிருக்க வேண்டும், இல்லையென்றால் இன்னும் 15 விநாடி. கிண்ணத்தைச் சாய்த்துத் தேங்கிய தண்ணீரை வடித்துவிடுங்கள். அரை நிமிடம் ஆறட்டும். சூட்டோடு முட்டையை ஊற்றினால் அடியில் பட்ட இடமெல்லாம் அப்போதே திப்பி திப்பியாகக் கட்டிவிடும்.

இதற்குள் வேறொரு டம்ளரில் முட்டை, பால், உப்பு, மிளகு, மஞ்சள் போட்டு முள்கரண்டியால் அடியுங்கள். வெள்ளைக்கரு இழை இழையாகத் தொங்குவது போகும் வரை அடித்தால் போதும். நுரை வரும் வரை அடிப்பது தோசைக்கல் ஆம்லெட்டுக்கு நல்லது, இங்கே அந்த நுரைக்காற்று சூடேறிக் கலவையைப் பந்து மாதிரி தூக்கிவிடும், எடுத்தவுடன் அமுங்கும்.

காயின் மேல் ஊற்றி, மூடாமல் ஹையில் 40 விநாடி. எடுத்துப் பார்த்தால் சுற்றிலும் ஒரு விரல் அகலத்துக்கு வெந்து, நடு திரவமாக இருக்கும். வெந்த ஓரத்தை முள்கரண்டியால் நடுவுக்கு இழுத்து, திரவத்தை ஓரத்துக்குத் தள்ளுங்கள். இன்னும் 25 விநாடி. மறுபடி லேசாக ஒரு இழுப்பு, மேற்பரப்பைச் சமப்படுத்துங்கள். இப்போது சீஸைத் தூவி, தட்டால் மூடி 20 விநாடி. நடுவில் இன்னும் ஈரம் மினுங்கும்போதே நிறுத்த வேண்டும். மூடியபடியே ஒரு நிமிடம் வெளியே வையுங்கள். இந்த ஒரு நிமிடத்தை விட்டுவிடாதீர்கள், நடு வேகுவதும் சீஸ் உருகுவதும் இதில்தான். திறந்து பார்க்கும்போது திரவம் ஓடினால் மட்டும் 10 விநாடி. அதற்கு மேல் ஒரே தடவையில் கூட்ட வேண்டாம்.

தோசைக்கரண்டியை ஓரம் வழியாக விட்டு மடித்து எடுத்தால் உடையாமல் வரும்.

---

அலைநீளம்:

மண்சட்டி சொன்ன முறை சரி. காரணம் தெரிந்தால் வேறு மைக்ரோவேவுக்கும் நேரத்தை மாற்றிக்கொள்ள முடியும் என்பதால் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

வெள்ளைக்கரு 62 டிகிரி செல்சியஸ் வாக்கில் இறுக ஆரம்பிக்கும், மஞ்சள்கரு 65 முதல் 70க்குள். பால் சேர்த்து அடித்த முட்டை 72 முதல் 75 வரை போனால் மென்மையாக நிற்கும். 80ஐத் தாண்டினால் புரத வலை சுருங்கித் தனக்குள் பிடித்து வைத்திருந்த தண்ணீரைப் பிழிந்து வெளியே தள்ளும். உங்கள் ரப்பரும் அடித் தண்ணீரும் இரண்டு தனித்தனி நோய் இல்லை. முட்டை அளவு மீறி வெந்ததன் இரண்டு முகம். தக்காளித் தண்ணீர் அதோடு சேர்ந்துகொள்கிறது.

எவ்வளவு நேரம் என்பதைக் கணக்காகவே போடலாம். 2 முட்டை, பால், காய் சேர்ந்து 180 கிராம். ஒரு கிராமை ஒரு டிகிரி ஏற்ற ஏறக்குறைய 3.6 ஜூல் வேண்டும். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த கலவை 5 டிகிரியில் இருந்தால் 75க்குப் போக 70 டிகிரி: 180 × 3.6 × 70, சுமார் 45,000 ஜூல். வெளியே வைத்த முட்டை 30 டிகிரியில் இருந்தால் 29,000 ஜூல்தான். 700 வாட்ஸ் மைக்ரோவேவில் இவ்வளவு சின்ன அளவுக்கு உண்மையில் ஏறுவது 450 வாட்ஸ் வாக்கில் என்று வைத்துக்கொண்டால், முதலாவதற்கு 100 விநாடி, இரண்டாவதற்கு 65 விநாடி. காய் சூடாக இருப்பதால் இரண்டுமே சற்றுக் குறையும். மண்சட்டி சொன்ன 85 விநாடி இந்த இரண்டுக்கும் நடுவே விழுகிறது. ஆக முட்டை ஃபிரிட்ஜிலிருந்து வந்ததா, வெளியே இருந்ததா என்பதே அரை நிமிட வித்தியாசம். ஒரு நாள் நன்றாக வந்து மறுநாள் கெடுவதற்குப் பெரும்பாலும் இதுதான் காரணம்.

நீங்கள் வைத்த 2 நிமிடம், அதுவும் கிளறாமல், ஓரத்துக்கு மிக அதிகம். மைக்ரோவேவ் அலை தண்ணீர் நிறைந்த உணவுக்குள் ஒன்றிரண்டு செ.மீ. போவதற்குள்ளேயே பெரும்பகுதி உறிஞ்சப்பட்டுவிடும். ஓரத்துக்கு மேலிருந்தும் பக்கத்திலிருந்தும் அலை விழுகிறது. மக்கின் நடுவுக்கு வெப்பம் கடத்தலாக மெதுவாகத்தான் போகும்.

இன்னொன்று, பாத்திரத்தைத் தட்டின் நடுவில் வைக்காதீர்கள். 2450 மெகாஹெர்ட்ஸ் அலையின் நீளம் சுமார் 12 செ.மீ. பெட்டிக்குள் அலைகள் மோதித் திரும்பும்போது சூடு கூடிய இடமும் குறைந்த இடமும் மாறி மாறி அமையும். தட்டு சுற்றினாலும் அதன் மையம் நகர்வதில்லை. மையம் குளிர்ந்த இடமாக அமைந்துவிட்டால் அங்கே உள்ளது முழு நேரமும் அங்கேயே நிற்கும். கிண்ணத்தைத் தட்டின் ஓரத்துக்குத் தள்ளி வையுங்கள், எல்லா இடத்தையும் கடந்து சுற்றும்.

வாட்ஸ் விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. பெட்டியின் பின்னால் உள்ள ஸ்டிக்கரில் இரண்டு எண்கள் இருக்கும். 1100, 1200 என்று இருப்பது அது மின்சாரத்தில் இழுப்பது. சமையலுக்குக் கிடைப்பது 700 அல்லது 800 என்று இருப்பதுதான். பழைய பெட்டி என்றால் அதுவும் குறைந்திருக்கலாம். சோதிக்க: 1 லிட்டர் தண்ணீரின் வெப்பநிலையை அளந்து, ஹையில் 2 நிமிடம் வைத்து, கலக்கி மறுபடி அளங்கள். 20 டிகிரி ஏறினால் 700 வாட்ஸ், 23 ஏறினால் 800. மின்னழுத்தம் குறைவாக உள்ள நேரத்தில் சாதாரண டிரான்ஸ்ஃபார்மர் வகைப் பெட்டியின் சக்தியும் இறங்கும், அதையும் மனதில் வையுங்கள்.

---

தேன்நெல்லி:

இவ்வளவு தடவை எடுத்துக் கிளறத் தேவையா? பவரை 50 சதவீதத்துக்குக் குறைத்து 3 நிமிடம் வைத்தால் தானே நிதானமாக வேகுமே.

---

அலைநீளம்:

இன்வெர்ட்டர் வகை என்றால் நீங்கள் சொல்வது சரி, அதில் 50 என்றால் தொடர்ந்து பாதி சக்தி வரும். 60 சதவீதத்தில் 2 நிமிடம் வைத்து ஒரே ஒரு தடவை கிளறினால் போதும்.

கேள்வி கேட்டவருடையது 20 லிட்டர் சோலோ. பெரும்பாலும் இந்த வகையில் பாதி சக்தி என்று ஒன்று கிடையாது. முழு சக்தியில் பத்து, பதினைந்து விநாடி ஓடும், அதே அளவு அணைந்திருக்கும், திரும்ப ஓடும். காது கொடுத்துக் கேட்டால் அந்த ஹூம் சத்தம் விட்டு விட்டு வருவது தெரியும். 10 நிமிட வேலைக்கு அது பரவாயில்லை. கடைசி 20 விநாடியில் ஆம்லெட்டின் கதி தீர்மானமாகிறது, அந்த 20 விநாடியில் ஓடியதா அணைந்திருந்ததா என்று தெரியாமல் போகும். ஹையில் வைத்துக் கையால் நிறுத்துவதும் அதே விட்டு விட்டுச் சூடேற்றும் வேலைதான், ஆனால் நிறுத்துவது உங்கள் கையில். நடுவில் கிளறுகிற லாபமும் கூட.

---

பால்ஏடு:

சீஸைப் பற்றி நான் சொல்கிறேன், பலரும் இங்கேதான் தப்பு செய்கிறார்கள்.

நம் ஊர்க் கடையில் க்யூப், ஸ்லைஸ் என்று கிடைப்பது பெரும்பாலும் ப்ராசஸ்டு சீஸ். அமுல் க்யூப் ஒன்று 25 கிராம், 2 முட்டைக்கு அதுவே கணக்கு. இதில் கொழுப்பையும் தண்ணீரையும் பிரியாமல் கட்டி வைக்கும் உப்புகள் சேர்த்திருப்பார்கள், அதனால் சீராக உருகும், எண்ணெய் பிரியாது. ஆனால் நேரம் கூடினால் ஈரம் வற்றித் தோலாகும். நீங்கள் முட்டையோடு சேர்த்து அடித்ததால் துருவல் கனத்தில் கீழே இறங்கி, 2 நிமிடமும் அடிக்கண்ணாடியோடு ஒட்டிக்கொண்டு வெந்திருக்கிறது. உங்களுக்கு வந்த தோல் அதுதான். கடைசியில் மேலே போடுங்கள். முட்டையின் சூடே போதும், சீஸ் உருக 60 டிகிரியே தாராளம்.

மொசரெல்லா இழுவையாக வரும், உப்பு குறைவு, அதைப் போட்டால் முட்டையில் உப்பை ஒரு சிட்டிகை கூட்டிக்கொள்ளலாம். தண்ணீரில் மிதக்கும் உருண்டை வேண்டாம், பீட்சாவுக்கு விற்கும் கட்டிதான் வேண்டும். செடார் வாசனையில் மற்ற இரண்டையும் விட எனக்கு உயர்வு, ஆனால் அதிகச் சூட்டில் எண்ணெய் கக்கும். செடாரைத் தூவிய பிறகு மைக்ரோவேவில் வைக்கவே வேண்டாம், முட்டையை 10 விநாடி கூடுதலாக வைத்து எடுத்து, சீஸைத் தூவி மூடி 2 நிமிடம் விடுங்கள்.

துருவியே பாக்கெட்டில் வருவதில் ஒன்றோடொன்று ஒட்டாமல் இருக்க மாவுப்பொடி தூவியிருப்பார்கள். உருக நேரம் எடுக்கும், கொஞ்சம் மணலாகவும் தெரியும். கட்டியாக வாங்கித் துருவுவது மேல். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்தவுடன் துருவினால் ஒட்டாமல் உதிரும்.

பனீர் உருகாது. பாலை எலுமிச்சை போட்டுத் திரித்துச் செய்வதால் அதன் கட்டமைப்பு சூட்டில் இளகுவதில்லை. சீஸுக்குப் பதிலாக அதைப் போட்டுவிட்டு உருகவில்லையே என்று நேரத்தைக் கூட்டாதீர்கள். உதிர்த்துக் காயோடு சேர்த்தால் தனியாக நல்ல ருசி, அவ்வளவே.

ஒரு சின்ன உதவி: பாலில் அரை டீஸ்பூன் சோள மாவைக் கட்டியில்லாமல் கரைத்து முட்டையோடு அடியுங்கள். மாவு புரதங்களுக்கு நடுவில் புகுந்து அவை நெருங்கி இறுகுவதைத் தாமதப்படுத்தும். 10 விநாடி கூடிப் போனாலும் ஆம்லெட் தாங்கும். கைப்பழக்கம் வரும் வரை இது உங்களைக் காப்பாற்றும்.

---

கார்த்திகைப்பூ:

எல்லோருக்கும் நன்றி. சொன்னபடி கண்ணாடிக் கிண்ணத்தில், தட்டின் ஓரமாக வைத்துச் செய்தேன். முட்டை ஃபிரிட்ஜில் இருந்தது, 40 + 30 + 25 விநாடி, ஒரு நிமிடம் மூடி வைத்தது. ஓரம் மென்மையாக வந்தது, சீஸ் மேலேயே உருகி நின்றது. பொங்கவில்லை.

மீதி இருப்பது இரண்டு குறை. தக்காளி போட்டதால் என்று நினைக்கிறேன், இன்னும் ஒரு டீஸ்பூன் அளவு தண்ணீர் அடியில் நிற்கிறது. ருசியும் தோசைக்கல்லில் போட்டது மாதிரி இல்லை, வேகவைத்த முட்டை மாதிரி இருக்கிறது. என்னென்ன காய் எப்படிப் போடலாம் என்றும் சொன்னால் நல்லது.

---

கறிவேப்பிலை:

தக்காளியில் 100க்கு 94, 95 பங்கு தண்ணீர். அதிலும் விதையைச் சுற்றியுள்ள கொழகொழப்புதான் பெரிய தொல்லை. நாலாக வெட்டி, விதைப் பகுதியை விரலால் வழித்து எடுத்துவிட்டு, வெளிச்சதையை மட்டும் பொடியாக நறுக்குங்கள். அதையும் காயோடு வேகவைக்காமல், சீஸ் தூவும்போது மேலே தூவுங்கள். தண்ணீர் நிற்காது.

காளானும் கீரையும் அடுத்த தண்ணீர்க்காரர்கள். காளானை மெல்லிசாக அரிந்து ஒன்றரை நிமிடம் மூடாமல் வைத்து, விட்ட தண்ணீர் முழுவதையும் வடியுங்கள். நாலு காளான் இரண்டு டேபிள்ஸ்பூனாகச் சுருங்கும். பாலக் அல்லது அரைக்கீரை என்றால் ஒரு கைப்பிடியைக் கழுவிய ஈரத்தோடு மூடி 40 விநாடி வைத்து, கையால் இறுக்கிப் பிழிந்து பிறகு நறுக்குங்கள். முருங்கைக்கீரை இன்னும் சுலபம், பிழிய வேண்டியதே இல்லை, ஆனால் உருவும்போது நரம்பு எல்லாம் நீங்க வேண்டும், இந்தக் குறைந்த நேரத்தில் காம்பு வேகாது.

குடைமிளகாய்க்கு மண்சட்டி சொன்ன ஒரு நிமிடம் சரி. கேரட்டை நறுக்காமல் துருவினால் அதே ஒரு நிமிடத்தில் வேகும், நறுக்கினால் இரண்டு நிமிடம் ஆகும். பீன்ஸ், உருளைக்கிழங்கு இரண்டையும் முதல் நாளே வேகவைத்தது இருந்தால் போடுங்கள், இல்லையென்றால் விட்டுவிடுங்கள். ஃப்ரீசர் பட்டாணி, சோளம் இரண்டு டேபிள்ஸ்பூனுக்கு ஒரு ஸ்பூன் தண்ணீர் தெளித்து மூடி ஒரு நிமிடம். தண்ணீர் இல்லாமல் கொஞ்சமாக வைத்தால் பட்டாணியும் கேரட்டும் சில சமயம் பொறி கிளப்பும். பெட்டி பழுது இல்லை, பயப்பட வேண்டாம், நிறுத்தித் தண்ணீர் தெளித்து வையுங்கள்.

ருசி விஷயம். தோசைக்கல் மணம் என்பது முட்டையும் வெங்காயமும் 140 டிகிரிக்கு மேல் சிவக்கும்போது வருவது. மைக்ரோவேவில் ஈரம் இருக்கும் வரை 100ஐத் தாண்டாது, அதனால் அந்த மணத்தை அதில் தேடக் கூடாது. வேறு வழியில் ஈடுகட்டலாம். வெங்காயத்தை மட்டும் தனியாக, பொடியாக நறுக்கி, 1 டீஸ்பூன் நல்லெண்ணெயில் பிரட்டி, மூடாமல் ஒரு நிமிடம், கிளறி இன்னொரு ஒன்றரை நிமிடம் வையுங்கள். ஈரம் வற்றி ஓரம் லேசாக நிறம் மாறும், இனிப்பு ஏறும். கூடவே நிற்க வேண்டும், எண்ணெயில் வற்றிய வெங்காயம் பத்து விநாடியில் கருகிவிடும். அதன் பிறகு மற்றக் காயைச் சேர்த்து வேகவையுங்கள்.

மிளகுத்தூள் பாக்கெட்டில் வாங்கியதை விட அப்போதே இடித்தது வேண்டும். சீரகத்தூள் இரண்டு சிட்டிகை முட்டை வாடையை அடக்கும். கறிவேப்பிலையை முழு இலையாகப் போடாதீர்கள், கையால் கிழித்துக் காயோடு எண்ணெயில் போட்டால்தான் வாசம் இறங்கும். கொத்தமல்லித்தழை மட்டும் எல்லாம் முடிந்து மூடி திறந்த பிறகு. கடுகு தாளிப்பதெல்லாம் இதில் நடக்காது, முயற்சி செய்ய வேண்டாம்.

---

தேன்நெல்லி:

என்னுடையது 28 லிட்டர் கன்வெக்‌ஷன், கிரிலும் இருக்கிறது. சிவக்க வைக்க வழி உண்டு என்றால் சொல்லுங்கள். வீட்டில் நாலு பேர், ஒரே தடவையில் செய்ய முடியுமா என்பதும் கேள்வி.

---

மண்சட்டி:

சிவக்க வைக்கலாம். முட்டையை மைக்ரோவேவ் முறையில் முக்கால் பதம் வேகவைத்து, சீஸைத் தூவி, உயரமான கம்பி ஸ்டாண்டில் ஏற்றி, கிரில் மட்டும் என்ற முறையில் 3 முதல் 4 நிமிடம். கிரிலை முன்பே 3 நிமிடம் சூடாக்கி வைத்தால் சீக்கிரம் பொன்னிறமாகும், ஆம்லெட் காயாது. கிண்ணம் போரோசிலிகேட் கண்ணாடியாக இருக்க வேண்டும், சூட்டைத் தாங்கும் என்று அடியில் போட்டிருக்கிறதா பாருங்கள். சாதாரணக் கண்ணாடி கிரிலில் விரிசல் விடும். ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த கிண்ணத்தை நேராக அதன் கீழ் வைக்காதீர்கள். அந்தக் கம்பி ஸ்டாண்டை உங்கள் கையேடு சொல்லும் முறைகளில் மட்டும் உள்ளே வையுங்கள், வெறும் மைக்ரோவேவ் ஓட்டும்போது வெளியே எடுத்துவிடுங்கள்.

நாலு பேருக்கு 8 முட்டையை ஒரே கிண்ணத்தில் ஊற்றாதீர்கள். ஓரம் ஒரு பதம், நடு ஒரு பதம் என்று பழைய கதைக்கே போகும். இரண்டு கிண்ணம், ஒவ்வொன்றிலும் 2 முட்டை, தட்டின் எதிரெதிர் ஓரத்தில் வையுங்கள். நேரம் இரட்டிப்பாகாது, ஒன்றுக்கு ஆனதைப் போல் ஒன்றரை மடங்குக்குச் சற்று மேல். அதற்குக் காரணம், உள்ளே உணவு கூடக் கூட அலை வீணாகாமல் உணவில் போய்ச் சேரும் பங்கும் கூடும். இரண்டு நடை போட்டால் நாலு பேருக்கும் ஆகிவிடும். கிளறும்போது இரண்டு கிண்ணத்தையும் இடம் மாற்றி வைக்க மறக்காதீர்கள்.

---

அகல்விளக்கு:

பாத்திரம், பாதுகாப்பு பற்றி யாரும் முழுதாகச் சொல்லவில்லை.

எவர்சில்வர், அலுமினியம், பொன்வளையம் போட்ட பீங்கான் மூன்றும் கூடாது. மெலமைன் தட்டைப் பார்த்தால் பீங்கான் மாதிரியே இருக்கும், அதுவும் கூடாது, அலையைத் தானே உறிஞ்சிச் சூடாகும். ஹோட்டல் பார்சல் டப்பாவில் சீஸ், எண்ணெய் போட்டு வைக்காதீர்கள், கொழுப்பு பட்ட இடத்தில் சூடு கூடிப் பிளாஸ்டிக் இளகும். சந்தேகமான பாத்திரத்தைச் சோதிக்க, அதைக் காலியாக வைத்து, பக்கத்தில் ஒரு கண்ணாடி டம்ளரில் தண்ணீர் வைத்து, ஹையில் ஒரு நிமிடம் ஓட்டுங்கள். தண்ணீர் சூடாகிப் பாத்திரம் குளிர்ந்தே இருந்தால் பயன்படுத்தலாம். பாத்திரம் சுட்டால் வேண்டாம். பொன்வளையம், உலோகம் கலந்ததை இந்தச் சோதனைக்கே வைக்கக் கூடாது.

மூடும்போது காற்றுப் புகாமல் மூடாதீர்கள். தட்டு ஒரு பக்கம் சற்று விலகி இருக்கட்டும். திறக்கும்போது முகத்துக்கு எதிர்ப்பக்கம் முதலில் தூக்குங்கள், அந்த ஆவி கையைச் சுட்டுவிடும்.

முட்டையை அடிக்காமல் முழுதாக உடைத்து ஊற்றி வைப்பவர்களும் உண்டு. மஞ்சள்கருவைச் சுற்றி உள்ள சவ்வு ஆவியை உள்ளேயே அடைத்து வைக்கும், வெளியே எடுத்துக் கரண்டி பட்டவுடன் வெடிக்கும். ஓட்டோடு வைப்பதும், அவித்த முட்டையை முழுதாகச் சூடுபடுத்துவதும் இதே ஆபத்து. அவித்த முட்டை வாயருகே வெடித்தால் காயம் மோசமாக இருக்கும். குழந்தைகள் உள்ள வீட்டில் இதைக் கண்டிப்பாகச் சொல்லி வையுங்கள். அடித்த முட்டையில் இந்தப் பயம் இல்லை.

கர்ப்பிணிகள், வயதானவர்கள், சிறு குழந்தைகளுக்குக் கொடுப்பதாக இருந்தால் நடுவில் ஈரம் இல்லாமல் முழுதாக வெந்திருக்க வேண்டும். நடுவில் 71 டிகிரிக்குக் குறையக் கூடாது. மைக்ரோவேவில் ஒரு மூலை மட்டும் வேகாமல் நிற்பது சகஜம் என்பதால், மடித்த பிறகு நடுவில் கத்தியால் பிளந்து பார்த்துவிட்டுக் கொடுங்கள். செய்ததை மதியத்துக்கு டப்பாவில் கட்டிக்கொண்டு போவது நம் வெயிலுக்குச் சரிவராது, அப்போதே சாப்பிடுங்கள்.

---

கார்த்திகைப்பூ:

வெங்காயத்தைத் தனியாக இரண்டரை நிமிடம் வைத்து, தக்காளியை விதை நீக்கி மேலே தூவினேன். தண்ணீர் சுத்தமாக இல்லை. வெங்காய இனிப்பு நன்றாகத் தெரிகிறது, சோள மாவும் போட்டேன். நேரம் மொத்தம் எட்டு நிமிடம். கடைசியாக ஒன்று: கிண்ணத்தில் ஒட்டிய முட்டையும் சீஸும் தேய்த்தாலும் போக மாட்டேன் என்கிறது. பெட்டிக்குள் முட்டை வாடை வேறு.

---

அகல்விளக்கு:

வெந்நீர் ஊற்றுகிறீர்களா? அதுதான் காரணம். வெந்நீர் பட்டால் ஒட்டியிருக்கும் முட்டை இன்னும் வெந்து கெட்டியாகும். சாப்பிட்டவுடன் பச்சைத் தண்ணீர் ஊற்றிப் பத்து நிமிடம் ஊறவிடுங்கள், முட்டை உரிந்து வரும். அதன் பிறகு சோப்பும் வெந்நீரும் போட்டால் சீஸ் கொழுப்பு போகும். இந்த வரிசை முக்கியம்.

வாடைக்கு, அகலமான கிண்ணத்தில் ஒரு கப் தண்ணீர், அரை எலுமிச்சையைப் பிழிந்து மூடியையும் அதிலேயே போட்டு, ஒரு மர ஸ்பூனும் போட்டு ஹையில் 3 நிமிடம். மர ஸ்பூன் எதற்கென்றால், வழவழப்பான கண்ணாடியில் தண்ணீர் கொதி நிலையைத் தாண்டியும் கொதிக்காமல் இருந்து, அசைத்தவுடன் பொங்கி அடிக்கும். ஸ்பூன் இருந்தால் குமிழி அதிலிருந்து கிளம்பும். கதவைத் திறக்காமல் 5 நிமிடம் விட்டு, பிறகு ஈரத்துணியால் மேல்பக்கத்தையும் சேர்த்துத் துடையுங்கள். தெறித்த முட்டை பெரும்பாலும் மேலேதான் ஒட்டியிருக்கும், வாடையும் அங்கிருந்துதான் வரும்.